அப்பா சொத்தில் பங்கு உண்டு; கைக்கு வருவது எப்போது? பாகப்பிரிவினை வழக்கில் கோர்ட்டு செய்வது என்ன

திங்கட்கிழமை என்றாலே கலெக்டர் அலுவலகங்களில் கூட்டம் அலைமோதும். மக்கள் குறைதீர்க்கும் நாளில் மனு கொடுக்க வருகிறவர்களில் பலரது கையில் மஞ்சள் பை இருக்கும். பைக்குள் பழைய பத்திரத்தின் நகல் இருக்கும். "அண்ணன் நிலத்தை அமுக்கிக்கிட்டார்", "தம்பி வீட்டை பூட்டிட்டான்", "கூடப்பிறந்த பொண்ணுக்கு ஒரு சென்ட் கூட தர மாட்டேங்கிறாங்க" என்பதுதான் மனுவின் சாரம். மண்எண்ணெய் கேனுடன் வந்து விடுகிறவர்களும் உண்டு. அதனால்தான் வாசலிலேயே போலீசார் பையை சோதனை போடுகிறார்கள்.

போலீஸ் நிலையத்துக்கு போனால் "இது சிவில் மேட்டர், கோர்ட்டுக்கு போங்க" என்கிறார்கள். தாலுகா அலுவலகத்தில் "கோர்ட்டு உத்தரவு கொண்டு வாங்க, பட்டாவை மாத்தி தர்றோம்" என்கிறார்கள். கடைசியில் கோர்ட்டு படி ஏறித்தான் ஆக வேண்டும்.

ஏறிய பிறகும் பலருக்கு ஒரு விஷயம் பிடிபடுவதில்லை. சொத்து யாருக்கு என்பது ஒரு கேள்வி. எவ்வளவு பங்கு என்பது இன்னொரு கேள்வி. எந்த இடம் என்பது 3-வது கேள்வி. இப்போது யார் கையில் இருக்கிறது, அதை எப்படி வாங்குவது என்பது 4-வது கேள்வி. இந்த நான்குக்கும் கோர்ட்டு ஒரே நாளில் பதில் சொல்லாது. ஒவ்வொரு படியாகத்தான் சொல்லும். இது தெரியாமல்தான் பலர் பாதி வழியில் "ஜெயிச்சாச்சு" என்று வீட்டில் உட்கார்ந்து விடுகிறார்கள். அதன் விவரம் வருமாறு:-

பட்டா இருந்தால் சொந்தமா?

இல்லை. பட்டா என்பது வருவாய்த்துறை ஆவணம். அது மட்டுமே சொத்துரிமைக்கு ஆதாரம் ஆகிவிடாது. உரிமையை காட்டுவது கிரையப் பத்திரம், பாகப்பிரிவினைப் பத்திரம், செட்டில்மெண்ட் பத்திரம், உயில், கோர்ட்டு தீர்ப்பு போன்றவைதான்.

அப்பா இறந்த பிறகு மூத்த மகன் தன் பெயருக்கு மட்டும் பட்டா மாற்றிக்கொண்டார் என்றால், தங்கச்சியின் பங்கு அதோடு போய்விடாது. பட்டா மாற்றத்தை எதிர்த்து ஆர்.டி.ஓ.விடம் மேல்முறையீடு செய்யலாம். ஆனால் "இந்த சொத்தில் எனக்கு பங்கு உண்டா" என்ற கேள்விக்கு முடிவு சொல்ல வேண்டியது சிவில் கோர்ட்டுதான்.

பூர்வீகமா, சுயசம்பாத்தியமா?

வழக்கில் முதலில் அடிபடும் கேள்வி இதுதான். தாத்தா சொத்து என்றாலே பூர்வீகம், பேரனுக்கு பிறந்த உடனே பங்கு உண்டு என்று ஊரில் பேசுவார்கள். சட்டம் அப்படி சொல்லவில்லை.

இந்து வாரிசுரிமைச் சட்டம் 1956-ம் ஆண்டு வந்தது. அதன் பிறகு தாத்தா தன் சுயசம்பாத்திய சொத்துக்கு உயில் எழுதாமல் இறந்து, 8-வது பிரிவின்படி அது அப்பாவுக்கு வந்திருந்தால், அது அப்பாவின் தனிச் சொத்து. இதை சுப்ரீம் கோர்ட்டு 1986-ம் ஆண்டிலேயே தெளிவாக சொல்லிவிட்டது. அப்பா உயிரோடு இருக்கும்போது அந்த சொத்தில் மகனோ, மகளோ பங்கு கேட்க முடியாது. அவர் விற்கலாம், யாருக்கு வேண்டுமானாலும் எழுதி வைக்கலாம்.

தலைமுறை தலைமுறையாக பிரிக்கப்படாமல் கூட்டுக் குடும்ப சொத்தாகவே வருவதுதான் பூர்வீகம். அதில்தான் பிள்ளைகளுக்கு பிறப்பால் உரிமை வருகிறது.

4 ஏக்கர் கணக்கு

ஒரு உதாரணம் பார்ப்போம். ஒரு குடும்பத்தில் அப்பா, அம்மா, 2 மகன்கள், ஒரு மகள். நிலம் 4 ஏக்கர், அதாவது 400 சென்ட். 2012-ம் ஆண்டு அப்பா உயில் எழுதாமல் இறந்து விடுகிறார்.

நிலம் அப்பாவின் சுயசம்பாத்தியம் என்றால் கணக்கு சுலபம். அம்மா, 2 மகன்கள், மகள் ஆகிய 4 பேருக்கும் சம பங்கு. ஆளுக்கு 100 சென்ட்.

அதே நிலம் பூர்வீகம் என்றால் கணக்கு மாறும். அப்பா, 2 மகன்கள், மகள் ஆகிய 4 பேருக்கும் முதலில் ஆளுக்கு 100 சென்ட். பிறகு அப்பாவின் 100 சென்டை அம்மாவுக்கும் 3 பிள்ளைகளுக்கும் பிரித்தால் ஆளுக்கு 25 சென்ட். ஆக, பிள்ளைகளுக்கு ஆளுக்கு 125 சென்ட், அம்மாவுக்கு 25 சென்ட்.

இரண்டு கணக்கையும் ஒப்பிட்டுப் பாருங்கள். எந்த கணக்கிலும் மகளுக்கும் மகனுக்கும் ஒரே அளவுதான். அடிபடுவது அம்மாவின் பங்குதான். பூர்வீகம் என்று வாதாடும்போது, வீட்டில் இருக்கும் தாயின் பங்கு நாலில் ஒரு பாகமாக குறைகிறது என்பதை பிள்ளைகள் யோசிப்பதில்லை.

இது இந்து குடும்பங்களுக்கான கணக்கு. கிறிஸ்தவர்களுக்கு 1925-ம் ஆண்டு இந்திய வாரிசுரிமைச் சட்டம் பொருந்தும். அதில் கணவர் இறந்தால் மனைவிக்கு மூன்றில் ஒரு பங்கு, மீதி பிள்ளைகளுக்கு சமமாக போகும். முஸ்லிம்களுக்கு ஷரியத் சட்டப்படி பங்கு கணக்கிடப்படும்.

"நகை போட்டாச்சு, பங்கு எதுக்கு?"

பெண் பிள்ளைகள் பங்கு கேட்டால் அண்ணன், தம்பிகள் முதலில் சொல்வது இது. கல்யாணத்துக்கு 30 பவுன் போட்டிருந்தாலும், 50 பவுன் போட்டிருந்தாலும் அதனால் சொத்துரிமை போய்விடாது.

தமிழ்நாட்டில் 25-3-1989 முதல் பெண்களுக்கு பூர்வீக சொத்தில் சம உரிமை தரப்பட்டது. ஆனால் அந்த தேதிக்கு முன் கல்யாணம் ஆனவர்களுக்கு அது இல்லை. 9-9-2005 அன்று அமலுக்கு வந்த மத்திய அரசின் திருத்தச் சட்டத்தில் கல்யாணம் ஆனவர், ஆகாதவர் என்ற பாகுபாடு கிடையாது. அப்பா 2005-ல் உயிரோடு இருந்திருக்க வேண்டுமா என்ற குழப்பம் நீண்ட நாள் இருந்தது. 11-8-2020 அன்று வினீதா சர்மா வழக்கில் சுப்ரீம் கோர்ட்டின் 3 நீதிபதிகள் கொண்ட அமர்வு, அப்படி கட்டாயம் இல்லை, மகளுக்கு உரிமை பிறப்பால் வருகிறது என்று தீர்ப்பு சொன்னது.

ஒரே ஒரு விலக்கு இருக்கிறது. 20-12-2004-க்கு முன்பே பதிவுப் பத்திரம் மூலமோ, கோர்ட்டு தீர்ப்பு மூலமோ பாகம் பிரித்து முடிந்திருந்தால் அதை கிளற முடியாது. அதற்கு முன் செய்த விற்பனையும் செல்லும். "அப்பவே வாய் வார்த்தையா பிரிச்சிட்டோம்" என்று இப்போது சொன்னால் கோர்ட்டு லேசில் ஏற்காது.

பல வீடுகளில் தங்கச்சியிடம் வெள்ளைத் தாளிலோ, 20 ரூபாய் பத்திரத்திலோ "எனக்கு பங்கு வேண்டாம்" என்று கையெழுத்து வாங்கி வைத்திருப்பார்கள். அப்பா உயிரோடு இருக்கும்போது அவருடைய தனிச் சொத்தில் பிற்பாடு வரக்கூடிய பங்கை விட்டுக்கொடுத்து எழுதும் காகிதம் பொதுவாக செல்லாது. அப்பா இறந்த பிறகு, விவரம் தெரிந்து சார்பதிவாளர் அலுவலகத்தில் விடுதலைப் பத்திரம் எழுதிக் கொடுத்திருந்தால் அது கட்டுப்படுத்தும். எனவே என்ன பத்திரம் என்று படித்துப் பார்க்காமல் கையெழுத்து போடக்கூடாது.

உயில் என்று ஒன்று வந்தால்...

வழக்கு போட்ட பிறகு பீரோவில் இருந்து உயில் எட்டிப்பார்ப்பது பல வழக்குகளில் நடக்கும் கதை. உயிலை பதிவு செய்ய வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. ஆனால் 2 சாட்சிகள் கையெழுத்து போட்டிருக்க வேண்டும். அவர்களில் உயிரோடு இருக்கும் ஒருவரையாவது கோர்ட்டில் நிறுத்தி நிரூபிக்க வேண்டும். சந்தேகம் வரும்படி ஏதாவது இருந்தால், அதை போக்க வேண்டிய பொறுப்பு உயிலை காட்டுகிறவருக்குத்தான். பூர்வீக சொத்து என்றால் அப்பா தன் பங்குக்கு மட்டும்தான் உயில் எழுத முடியும்.

வயதான பெற்றோர் மகனுக்கு தான செட்டில்மெண்ட் எழுதிக் கொடுத்து, அதன் பின் சோறு கூட கிடைக்காத நிலை வந்தால் அவர்களுக்கு வேறு வழி இருக்கிறது. "கவனித்துக்கொள்ள வேண்டும்" என்ற நிபந்தனையோடு எழுதிய பத்திரத்தை ரத்து செய்ய, 2007-ம் ஆண்டு மூத்த குடிமக்கள் பாதுகாப்புச் சட்டப்படி ஆர்.டி.ஓ. தலைமையிலான தீர்ப்பாயத்தில் மனு கொடுக்கலாம்.

"12 வருஷமா நான்தான் உழுறேன்"

நிலத்தை கையில் வைத்திருப்பவர் சொல்லும் வாதம் இது. வெளியாள் ஒருவர் 12 வருடம் வெளிப்படையாக, உரிமையாளருக்கு எதிராக அனுபவித்தால் எதிரிடை அனுபவ உரிமை கேட்கலாம் என்பது உண்மை. ஆனால் பங்காளிகளுக்குள் இது எளிதில் எடுபடாது. ஒரு பங்காளி அனுபவிப்பது எல்லா பங்காளிகளுக்காகவும் அனுபவிப்பதாகத்தான் சட்டம் பார்க்கிறது. "உனக்கு பங்கே கிடையாது" என்று வெளிப்படையாக மறுத்து, அது மற்றவருக்கு தெரிந்த பிறகும் 12 வருடம் சும்மா இருந்தால்தான் ஆபத்து. அதனால் மறுப்பு வந்த உடனே வக்கீல் நோட்டீஸ் அனுப்பி, வழக்கு போடுவது நல்லது.

குடியிருந்த வீட்டில் இருந்து ஒருவரை சட்ட நடவடிக்கை எதுவும் இல்லாமல் அடித்து விரட்டினால் அதற்கு தனி வழி உண்டு. குறிப்பிட்ட பரிகாரச் சட்டம் 6-வது பிரிவின்படி 6 மாதத்துக்குள் வழக்கு போட வேண்டும். அதில் சொத்து யாருடையது என்று கோர்ட்டு பார்க்காது. யார் இருந்தார்கள், யார் விரட்டினார்கள் என்று மட்டும்தான் பார்க்கும்.

அடிதடி, ரத்தக்களரி ஆகும் நிலை இருந்தால் ஆர்.டி.ஓ. போன்ற நிர்வாக மாஜிஸ்திரேட்டு தலையிடலாம். முன்பு இது 145-வது பிரிவு நடவடிக்கை எனப்பட்டது. 1-7-2024 முதல் அமலில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் இது 164-வது பிரிவு. இதிலும் அனுபவம் யாருக்கு என்பது மட்டும்தான் முடிவாகும். உரிமை யாருக்கு என்பது சிவில் கோர்ட்டு வேலை.

வழக்கு போடும்போது

பாகப்பிரிவினை வழக்கில் எல்லா பங்காளிகளையும் சேர்க்க வேண்டும். இறந்துபோன அண்ணனின் மனைவி, பிள்ளைகள், வெளிநாட்டில் இருக்கும் தம்பி என்று ஒருவரை விட்டாலும் சிக்கல். அதேபோல் குடும்ப சொத்துகள் எல்லாவற்றையும் காட்ட வேண்டும். ரோட்டடி நிலத்துக்கு மட்டும் பங்கு கேட்டு, மேட்டுக்காட்டை விட்டுவிட்டால் "பகுதி பாகப்பிரிவினை" என்று எதிர்தரப்பு கிளப்பும்.

கோர்ட்டு கட்டணத்தில் ஒரு நுணுக்கம் இருக்கிறது. கூட்டு அனுபவத்தில் இருந்துகொண்டே பங்கு கேட்டால் சிறிய நிலையான தொகை போதும். அனுபவத்தில் இருந்து வெளியேற்றப்பட்டவர் என்றால் தன் பங்கின் மார்க்கெட் மதிப்புக்கு ஏற்ப கட்ட வேண்டும். தமிழ்நாட்டில் இந்த விகிதம் முன்பு 7.5 சதவீதமாக இருந்து, 2017-ம் ஆண்டு 3 சதவீதமாக குறைக்கப்பட்டது. பங்கு 20 லட்சம் ரூபாய் மதிப்பு என்றால் 60 ஆயிரம் ரூபாய் கட்டணம். "எங்களை விரட்டிட்டாங்க" என்று ஆவேசத்தில் வழக்கில் எழுதும் ஒரு வரிக்கு இவ்வளவு விலை இருக்கிறது. நடந்தது எதுவோ அதை வக்கீலிடம் சரியாக சொல்ல வேண்டும்.

வழக்கு நடக்கும்போதே சொத்தை விற்றுவிடுவார்களோ என்ற பயம் இருந்தால் இடைக்கால தடை உத்தரவு கேட்கலாம். தடை இல்லாமல் விற்றாலும், வாங்கியவர் கோர்ட்டு தீர்ப்புக்கு கட்டுப்பட்டவர்தான். சொத்து மாற்றுச் சட்டம் 52-வது பிரிவு இதைத்தான் சொல்கிறது. அண்ணன் அறுத்து விற்ற தேங்காய்க்கும், வாங்கிய கடை வாடகைக்கும் கணக்கு கேட்கவும் வழக்கில் இடம் உண்டு. அதை மனுவிலேயே கேட்டிருக்க வேண்டும்.

பிரிலிமினரி டிகிரி: பாதி கிணறுதான்

சாட்சி விசாரணை முடிந்து கோர்ட்டு முதலில் தருவது முதல்நிலை தீர்ப்பு. வக்கீல்கள் பிரிலிமினரி டிகிரி என்பார்கள். "வாதிக்கு நாலில் ஒரு பங்கு" என்று அதில் இருக்கும். எந்த நாலில் ஒன்று, கிழக்கா மேற்கா, கிணறு யாருக்கு என்று எதுவும் இருக்காது. இதை வைத்துக்கொண்டு வேலி போட முடியாது.

இங்கேதான் பலர் ஏமாந்து போகிறார்கள். பங்கு கிடைத்துவிட்டது என்று நினைத்து பல வருடம் கோர்ட்டு பக்கமே போவதில்லை. அதற்குள் வழக்கில் இருந்த பெரியவர்கள் இறந்து, ஒவ்வொருவருக்கும் வாரிசு சேர்க்க வேண்டி வரும். பங்குக் கணக்கும் மாறிவிடும்.

இந்த நிலையை பார்த்துத்தான் சுப்ரீம் கோர்ட்டு 2022-ம் ஆண்டு ஒரு கேரள வழக்கில் முக்கியமான உத்தரவு போட்டது. முதல்நிலை தீர்ப்பு சொன்னவுடன் வழக்கை மூடிவிடக்கூடாது, இறுதித் தீர்ப்புக்கான வேலையை கீழ்கோர்ட்டு தானாகவே தொடர வேண்டும், தனி மனு வரும்வரை காத்திருக்க வேண்டியதில்லை என்று கூறியது. ஆனாலும் வழக்கு எந்த கட்டத்தில் நிற்கிறது என்று கட்சிக்காரர் கேட்டு தெரிந்துகொள்ள வேண்டும்.

பங்கு தப்பாக சொல்லப்பட்டிருந்தால் முதல்நிலை தீர்ப்பை எதிர்த்தே அப்பீல் போட்டாக வேண்டும். அதை விட்டுவிட்டு, இறுதித் தீர்ப்பு வந்த பிறகு அந்த குறையை கிளப்ப முடியாது.

கமிஷனர் வருவார், சர்வேயர் வருவார்

அடுத்த கட்டத்தில் கோர்ட்டு ஒரு வக்கீல் கமிஷனரை நியமிக்கும். அவர் சர்வேயருடன் நிலத்துக்கு வந்து அளந்து, வரைபடம் போட்டு, எந்த பாகம் யாருக்கு என்று அறிக்கை கொடுப்பார். சென்ட் கணக்கு மட்டும் பார்த்தால் போதாது. ரோட்டடி எவ்வளவு, மண் எப்படி, கிணறு எங்கே, மின் இணைப்பு யார் பெயரில், வண்டிப்பாதை எப்படி என்று எல்லாம் பார்க்க வேண்டும். கமிஷனர் வரும் நாளில் நேரில் நின்று இதை சொல்லுங்கள். பாதை இல்லாத 100 சென்டை வாங்கிக்கொண்டு பிறகு புலம்பி பயன் இல்லை. அறிக்கை பிடிக்காவிட்டால் கோர்ட்டில் ஆட்சேபணை மனு போடலாம்.

2 சென்ட் வீட்டை 4 பேருக்கு எப்படி வெட்டுவது? அதற்கு 1893-ம் ஆண்டு பாகப்பிரிவினைச் சட்டம் இருக்கிறது. பிரிக்க முடியாத சொத்தை, பாதி அல்லது அதற்கு மேல் பங்கு உள்ளவர்கள் கேட்டால் விற்று பணத்தை பங்கு போட கோர்ட்டு உத்தரவிடலாம். அப்படி கேட்கும்போது, மற்ற பங்காளி "நானே வாங்கிக்கிறேன்" என்றால் கோர்ட்டு மதிப்பு போட்டு அவருக்கே கொடுக்க வழி உண்டு.

ஒரு பங்காளி வீம்புக்கு தன் பங்கை வெளியாளுக்கு விற்றாலும், அந்த ஆள் குடும்ப வீட்டுக்குள் வந்து கூட்டாக குடியிருக்க உரிமை கிடையாது. அவர் பாகம் கேட்டு வழக்கு போட்டால், அந்த பங்கை குடும்பத்தினர் விலை கொடுத்து வாங்கிக்கொள்ள கோர்ட்டில் கேட்கலாம்.

கமிஷனர் அறிக்கையை ஏற்று கோர்ட்டு தருவதுதான் இறுதித் தீர்ப்பு. இதை முத்திரைத்தாளில் எழுதி வாங்க வேண்டும். அப்போதும் எதிர்தரப்பு இடத்தை விடாவிட்டால் நிறைவேற்றுதல் மனு போட வேண்டும். கோர்ட்டு அமீனா வந்து, தேவைப்பட்டால் போலீஸ் பாதுகாப்புடன், சுவாதீனம் எடுத்துக் கொடுப்பார். தீர்ப்பை நிறைவேற்ற 12 வருடம் வரை அவகாசம் உண்டு. அதன் பிறகு தீர்ப்பு நகலுடன் உட்பிரிவு செய்து தனிப்பட்டா கேட்டால் நான்காவது கேள்விக்கும் விடை கிடைத்துவிடும்.

சமரசம் எந்த கட்டத்திலும் உண்டு

இவ்வளவு படிகளையும் ஏற வேண்டும் என்று கட்டாயம் இல்லை. எந்த கட்டத்திலும் பேசி முடிக்கலாம். மாவட்ட கோர்ட்டுகளில் சமரச மையம் இருக்கிறது. மக்கள் நீதிமன்றத்தில் முடித்துக்கொண்டால் அது கோர்ட்டு தீர்ப்புக்கு சமம். அதன் மீது அப்பீல் கிடையாது. கட்டிய கோர்ட்டு கட்டணமும் திரும்ப கிடைக்கும்.

கோர்ட்டுக்கே போகாமல் பிரித்துக்கொள்வதாக இருந்தால் பத்திரத்தை பதிவு செய்து விடுங்கள். குடும்பத்துக்குள் எழுதும் பாகப்பிரிவினைக்கு முத்திரைத் தீர்வை 1 சதவீதம்தான். அதற்கும் உச்சவரம்பு உண்டு. 2023-ம் ஆண்டு மாற்றத்தின்படி முத்திரைத் தீர்வை ஒரு பாகத்துக்கு அதிகபட்சம் 40 ஆயிரம் ரூபாய், பதிவுக் கட்டணம் அதிகபட்சம் 10 ஆயிரம் ரூபாய். ஊர்ப் பெரியவர்கள் முன்னிலையில் எழுதும் கூர்சீட்டை மட்டும் நம்பினால், அது பதிவு செய்யப்படாத பாகப்பிரிவினை என்று கோர்ட்டில் ஆதாரமாக ஏற்கப்படாமல் போகும் அபாயம் இருக்கிறது.

முதலில் எடுத்து வைக்க வேண்டியவை

வக்கீலை பார்க்கும் முன் இவற்றை தயார் செய்து கொள்ளுங்கள்:-

* இறப்புச் சான்று, தாசில்தார் தரும் வாரிசு சான்று.

* சொத்து வந்த வழியை காட்டும் மூலப்பத்திரங்களின் நகல். இல்லாவிட்டால் சார்பதிவாளர் அலுவலகத்தில் சான்றிட்ட நகல் வாங்கலாம்.

* வில்லங்கச் சான்று. பதிவுத்துறை இணையதளத்தில் இலவசமாகவே பார்க்கலாம். யாராவது ரகசியமாக எழுதி வாங்கியிருந்தால் இதில் தெரிந்துவிடும்.

* பட்டா, சிட்டா, அ-பதிவேடு, புலப்பட நகல்.

* வீட்டு வரி ரசீது, மின் கட்டண ரசீது, கிஸ்தி ரசீது. அனுபவத்தை நிரூபிக்க இவை கைகொடுக்கும்.

வக்கீல் வைக்க பணம் இல்லையே என்று பெண்கள் தயங்க வேண்டாம். 1987-ம் ஆண்டு சட்டப்பணிகள் ஆணைக்குழு சட்டப்படி பெண்கள், ஆதிதிராவிடர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமானம் எவ்வளவு என்று பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. கோர்ட்டு வளாகத்தில் உள்ள சட்டப்பணிகள் ஆணைக்குழு அலுவலகத்தில் மனு கொடுக்கலாம். 15100 என்ற இலவச எண்ணிலும் ஆலோசனை கேட்கலாம்.